கதவைத் திறக்கப் போனவர்

படம் ஓடத் தொடங்கிய வேகத்திலேயே காணாமல் போனது. கேமைச் சோதித்துப் பார்க்கும் பெண் பொத்தானை அழுத்தியிருந்தாள்.

"அது என் படம்" என்றாள், பின்னால் நின்றிருந்த இயக்குநர்.

"எல்லாருமே தாண்டித்தான் போவாங்க மேடம். தப்பா எடுத்துக்காதீங்க." அவள் திரையை விட்டுத் திரும்பவில்லை.

இயக்குநருக்கு இந்த அடி புதிதில்லை. முதல் வெப் சீரிஸை வெட்டச் சொன்னார்கள், வெட்டினாள். மறுபடி வெட்டச் சொன்னார்கள். கழுதை தேய்ந்து கட்டெறும்பானது. இரண்டாவதில் ஒவ்வொரு எபிசோடும் கன்னத்தில் விழும் ஓர் அறையோடுதான் முடிய வேண்டும் என்றார்கள். யாரை, எதற்காக அறைகிறோம் என்று நடித்தவளுக்கே கடைசிவரை விளங்கவில்லை. மூன்றாவது வெளிவந்த கையோடு அதை வெளியிட்ட இணையத் தளத்தையே இழுத்து மூடிவிட்டார்கள்.

அதற்குப் பிறகுதான் இந்த கேம் நிறுவனம். ஆட்டத்தின் நடுவே வரும் சின்னச் சின்னப் படங்கள். யாரும் அவ்வளவாகத் தலையிடாத வேலை. அப்பாடா என்றிருந்தது.

இந்தப் படத்தில் கதை என்று பெரிதாக ஒன்றுமில்லை. ஊரே காலி செய்துவிட்டுப் போன தெருவில், ஒரு வீட்டில் மட்டும் ஒரு முதியவர். யாரோ கதவைத் தட்டுகிறார்கள். கட்டிலிலிருந்து எழுந்து போய்த் திறக்கிறார்.

அவ்வளவுதான். ஆனால் அந்த நடை!

இடது கால் சொன்ன பேச்சைக் கேட்காது. இடுப்பால் உந்தி அதை இழுத்துப் போட வேண்டும். ஒவ்வோர் அடிக்கும் வலது தோள் சுவரைத் தேடும். தட்டியவர் போய்விடுவாரோ என்று பார்க்கிறவர்களுக்குப் பதறும். அவர் மட்டும் பதறமாட்டார்.

இத்தனை வருடத்தில் கூச்சமில்லாமல் தன்னுடையது என்று அவள் சொல்லிக்கொள்ளக்கூடிய படம் அது ஒன்றுதான்.

தாண்டினால் தாண்டட்டும் என்று பல்லைக் கடித்துக்கொண்டாள்.

திரையில் ஆட்டம் தொடங்கியது. பனி மூடிய தெரு. தெருக்கோடியிலிருந்து ஜாம்பிகள் வந்தன. தாடை தொங்க, கண் வெளுத்து, கும்பல் கும்பலாக.

இடது காலை இழுத்துக்கொண்டு. இடுப்பால் உந்திக்கொண்டு. நடுத்தெருவில், இல்லாத சுவரை வலது தோளால் தேடிக்கொண்டு.

அவள் கண்ணைத் துடைத்துவிட்டுப் பார்த்தாள். ஆண் பிணம், பெண் பிணம், பள்ளிச் சீருடை போட்ட பிணம். எல்லாவற்றுக்கும் அதே நடை.

சோதிக்கும் பெண் சுட்டாள். முதலில் காலில், பிறகு தலையில்.

"கண்டுபிடிச்சிட்டீங்களா!" காபிக் கோப்பையோடு வந்து நின்றார் பிரிவுத் தலைவர். முகமெல்லாம் பல். "உங்க கிழவரோட நடைதான் மேடம். நாங்களும் யார் யாரையோ நடக்க வச்சுப் பாத்தோம், ஒருத்தருக்கும் இந்தப் பயங்கரம் வரல. இதைப் போட்டதும் பாருங்க, எல்லாருக்கும் புல்லரிச்சுப் போச்சு."

அந்த நிறுவனத்தில் அப்படிச் செய்ய முடியும். உடம்பெங்கும் வெள்ளைப் புள்ளிகள் ஒட்டிய கறுப்பு உடுப்பை மாட்டிக்கொண்டு ஒருவர் நடந்தால், அவர் நடை அப்படியே கணினிக்குள் போய்விடும். பிறகு அதை எந்த உருவத்துக்கும் மாட்டிவிடலாம். படத்தில் வரும் முதியவரின் நடையும் அப்படித்தான் பதிவானது.

"யாரைக் கேட்டு எடுத்தீங்க?"

"யாரைக் கேக்கணும்? இங்க பதிவானது எல்லாமே கம்பெனியோடதுதானே?"

அவளுக்கு உச்சந்தலை கொதித்தது.

"கதவைத் திறக்கப் போற மனுஷனோட நடை சார் அது. பக்கவாதம் வந்து, பாடுபட்டு எழுந்து இப்படி நடக்கிறவங்க தெருவுக்குத் தெரு இருக்காங்க. நாளைக்கு அவங்க வெளிய வந்தா, இதை ஆடுற புள்ளைங்க கையைத் துப்பாக்கி மாதிரி நீட்டும். அது பரவாயில்லையா உங்களுக்கு?"

"ஐயோ, இது வெறும் விளையாட்டு மேடம். எதுக்கு இவ்வளவு கோபம்?" அவர் நிஜமாகவே சமாதானப்படுத்தத்தான் பார்த்தார். "அந்த நடிகர் சும்மா சொல்லக் கூடாது, பெரிய ஆளு. அடுத்த பாகத்துக்கும் அவரையே கூட்டிட்டு வாங்க. காலை மட்டும் இன்னும் கொஞ்சம் இழுக்கச் சொல்லுங்க."

"நிறுத்துங்க. முதல்ல அந்த ஆட்டத்தை நிறுத்துங்க!"

அவள் போட்ட சத்தத்தில் கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் இருந்தவர்கள்கூடத் தலையைத் தூக்கினார்கள். ஆட்டம் நிற்கவில்லை. இன்னொரு கும்பல் தெருவுக்குள் திரும்பியது.

அந்நேரம் அறைக்கதவு திறந்தது. வரவேற்பறைப் பெண் கதவைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினாள்.

"கீழயே இருங்கன்னு எவ்வளவோ சொன்னேன் மேடம். உங்க அப்பா கேக்கல. கையைக்கூடப் பிடிக்க விடல."

அவளுக்குப் பின்னால், மடிப்புக் கலையாத புதுச்சட்டையில் அவர் உள்ளே வந்தார். இடது காலை இழுத்து வைத்தார். வலது தோளைச் சுவரில் சாய்த்துக்கொண்டார். மகளைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது.

"என்னம்மா, நான் வர்றதுக்குள்ள என் படம் ஓடி முடிஞ்சிருச்சா?"



சோதிக்கும் பெண் அவரைப் பார்த்தாள். திரையைப் பார்த்தாள். மறுபடி அவரைப் பார்த்தாள். பிறகு எட்டித் திரையை அணைத்துவிட்டு எழுந்து, தன் நாற்காலியை அவர் பக்கமாகத் திருப்பிப் போட்டாள்.

"இன்னும் ஆரம்பிக்கவே இல்லைங்க ஐயா. வாங்க, வந்து உக்காருங்க."

கதவிலிருந்து நாற்காலிக்கு வந்துசேர அவருக்கு நேரம் பிடித்தது. அதுவரைக்கும் தலைவர் தரையையே பார்த்துக்கொண்டு நின்றார்.