கேட்டு வாங்கிய நாற்காலி

"அங்கி உங்களுக்கு நல்லாத்தான் இருக்கு பாக் லோங். வெட்கம்தான் கொஞ்சம் கம்மியா இருக்கு."

வந்ததும் வராததுமாக ரொஸ்னானி சொன்னாள். கண்ணாடி முன் நின்று சரிகை வைத்த கறுப்பு அங்கியைச் சரிசெய்துகொண்டிருந்த ஹாஜி பஹாரோம் திரும்பக்கூட இல்லை. அவர் அவளுடைய அம்மாவின் மூத்த அண்ணன், மலாய் வழக்கில் அவளுக்குப் பாக் லோங், எதிர்க்கட்சியின் பழம்பெருச்சாளி. நேற்றுதான் மாநிலச் சட்டமன்றத்தின் சபாநாயகர் ஆகியிருந்தார்.

"சாப்டியா?" என்றார்.

"அது கெடக்கு. எப்ப வந்தாலும் டுரியான் ஊறுகாய் கொண்டாருவேனே, இன்னிக்கு ஏன் வெறுங்கையோட வந்திருக்கேன்னு கேளுங்க."

"கோவம்."

"கோவம் பாதி, பயம் பாதி. மழைக்காலம் வருது. போன வருஷம் படகு கவுந்தப்போ அதிக்காவ ஸ்கூல் பையப் பிடிச்சுத்தான் தூக்கினாங்க. பை அறுந்திருந்தா எனக்கு இன்னிக்குப் பொண்ணு இல்ல. அவ இன்னும் அதே ஆத்துலதான் தெனம் போறா."

கம்போங் லுபோக் ஆற்றுப் பாலத்துக்குப் பாதிப் பணம் தருவதாகக் கோலாலம்பூர் மத்திய அரசு சொல்லிவிட்டது. மீதிப் பாதியை மாநிலம் போட வேண்டும். அது இருப்பது இன்று வாக்கெடுப்புக்கு வரும் வரவு செலவுத் திட்டத்தில். போன மாத இடைத்தேர்தலுக்குப் பிறகு ஆளுங்கட்சிக்கு இருபது பேர், எதிர்க்கட்சிக்கும் இருபது பேர். திட்டம் தோற்றால் மாநில முதல்வரான மந்திரி பெசார் ராஜினாமாவைத் தூக்கிக்கொண்டு சுல்தானின் அரண்மனைக்குப் போக வேண்டியதுதான். அப்புறம் ஆட்சி மாறலாம், தேர்தல் வரலாம். பாலம் மட்டும் வராது.

"நீங்க ஒருத்தர் ஆதரிச்சாப் போதும் பாக் லோங்."

"எல்லாரும் எதிர்க்கணும்னு மேலிடத்து உத்தரவு. நாப்பது வருஷமா இருக்கிற கட்சி, ரொஸ். அதுக்கு எதிரா நான் ஓட்டுப் போட மாட்டேன்."

"பாலம் கட்டித் தர்றேன்னு எங்க ஊர்ல வந்து ஓட்டுக் கேட்ட வாய்தானே இது?"

"அதே வாய்தான்."

அவர் சிரித்துக்கொண்டே பித்தானைப் போட்டார். அந்தச் சிரிப்புத்தான் அவளுக்கு இன்னும் எரிச்சலாக இருந்தது.

"கட்சிக்காரங்க வீடு வீடாப் போயி இந்த நாற்காலியக் கெஞ்சி வாங்கினீங்களாமே. ஊரே சிரிக்குது. அதுல கால்வாசி கெஞ்சலப் பாலத்துக்குக் கெஞ்சியிருக்கலாம். ஆளுங்கட்சிக்காரங்களாவது போட்டிக்கு ஓர் ஆள நிறுத்தினாங்களா? வாயை மூடிக்கிட்டு விட்டுட்டாங்க. யாருக்குமே சூடு சொரணை இல்ல."

"நாற்காலி நல்ல நாற்காலி. முதுகுக்கு இதமா இருக்கு."

அதற்குள் தொலைபேசி அடித்தது. கட்சித் தலைவர் டத்தோ கமாருல். அவர் குரல் அறை முழுக்கக் கேட்டது.

"ஹாஜி, நம்ம ஆளுங்க ஒருத்தர் விடாம வந்துட்டாங்க. இருபதுக்கு இருபது. சமமா வந்தா சபாநாயகர் ஓட்டுதான் முடிவு. அதுக்குத்தான் உங்கள அங்க உட்கார வெச்சிருக்கு. மறந்துடாதீங்க."

"சத்தியமாச் சொல்றேன் டத்தோ. சமமா வந்தா என் ஓட்டு நம்ம கட்சிக்குத்தான்."

ரொஸ்னானி வாசல் பக்கம் திரும்பினாள். கைப்பையை எடுத்துக்கொண்டாள்.

"எங்க கிளம்பிட்ட? பார்வையாளர் மாடத்துல உனக்கு இடம் சொல்லி வெச்சிருக்கேன்."

"எங்க பாலத்த நீங்க குழிதோண்டிப் புதைக்கிறத நான் வேற வந்து பார்க்கணுமா?"

சொன்னாளே தவிர, போனாள். எப்படியும் திரும்பிப் போகும் படகு மாலையில்தான்.

மாடத்திலிருந்து பார்த்தபோது பாக் லோங் அந்த உயரமான நாற்காலியில் கல்யாண மாப்பிள்ளை மாதிரி உட்கார்ந்திருந்தார். ஒவ்வொருவராக எழுந்து பேசினார்கள், கத்தினார்கள், தண்ணீர் குடித்தார்கள். பாலத்தைப் பற்றி ஒருவரும் வாயைத் திறக்கவில்லை. பிறகு மணி அடித்தது. சிற்றுண்டிச் சாலையில் இருந்தவர்கள் வாயைத் துடைத்துக்கொண்டு ஓடிவந்தார்கள். காய்ச்சலில் கிடந்த ஓர் எதிர்க்கட்சிக்காரரைக்கூட இரண்டு பேர் கைத்தாங்கலாக அழைத்து வந்து உட்கார வைத்தார்கள். கதவுகளை மூடினார்கள்.

இரண்டு பக்கமும் எழுந்து நிற்க, ஊழியர்கள் வரிசையாக எண்ணி முடித்து ஒரு சீட்டைச் சபாநாயகரிடம் கொடுத்தார்கள். கமாருல் கையைக் கட்டிக்கொண்டு பாக் லோங்கையே பார்த்தபடி இருந்தார்.

"ஆதரவு, இருபது."

ரொஸ்னானி கண்களை மூடிக்கொண்டாள். இனி சமம். இனி பாக் லோங்கின் ஓட்டு. அதிக்காவின் முகம்தான் அவளுக்கு முன்னால் வந்து நின்றது.

"எதிர்ப்பு, பத்தொன்பது. வரவு செலவுத் திட்டம் நிறைவேறியது."

முதலில் அவளுக்குப் புரியவில்லை. ஆளுங்கட்சி வரிசை மேசையைத் தட்டியபோதுதான் புரிந்தது. எத்தனையோ மாதமாக நெஞ்சில் உட்கார்ந்திருந்த பாரம் இறங்கி, கண்ணில் தண்ணீர் முட்டியது. பக்கத்தில் இருந்த முன்பின் தெரியாத அம்மாளின் கையைப் பிடித்துக்கொண்டு, "பாலம் வருதுக்கா, பாலம் வருது" என்றாள்.

கீழே கமாருல் எழுந்து நின்று கத்திக்கொண்டிருந்தார். "எண்ணிக்கை தப்பு. நாங்க இருபது பேரும் சபையிலதான் இருக்கோம். ஒருத்தர் எங்க போனார்? திரும்ப எண்ணுங்க."

பாக் லோங் மூக்குக் கண்ணாடியைக் கழற்றி அங்கியின் ஓரத்தில் நிதானமாகத் துடைத்தார்.

"எண்ணிக்கை சரிதான் டத்தோ. இருபதாவது ஆள் இங்க உட்கார்ந்திருக்கேன். சபாநாயகர் சமமா வந்தா மட்டும்தான் ஓட்டுப் போடலாம், வரலையே."

சொல்லிவிட்டு ஒரு கணம் மாடத்தைப் பார்த்தார். வீடு வீடாக ஏறி இறங்கிப் பாக் லோங் கெஞ்சியது, தன் ஓட்டைத் தொலைக்க ஓர் இடத்துக்காக என்பது அப்போதுதான் ரொஸ்னானிக்கு உறைத்தது.