பெட்டிஃபர் அம்மாவின் கோட்

தான் கொடுத்த கம்பளிக் கோட் மேஜைமேல் துண்டு துண்டாகக் கிடப்பதைப் பார்த்ததும் மிஸஸ் பெட்டிஃபருக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

கத்தரிப்பூ நிறம். கழுத்தில் நரித்தோல். லண்டனில் தைத்தது. பஞ்சாலைப் பெண்களுக்கு என்று மனசாரக் கொடுத்திருந்தாள்.

கத்தரிக்கோலும் கையுமாக நின்றவள் மிஸ் லோரிமர். ஒரு காலத்தில் லங்காஷயர் மாவட்டம் முழுக்கப் பேர் தெரிந்த டென்னிஸ் வீராங்கனை. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அத்தை விட்டுப்போன வீட்டில், ஏழைப் பெண்களுக்கு உடுப்பு கொடுக்கும் நிலையம் நடத்துகிறாள். பேசினால் சுருக்கென்று இருக்கும். காரணம் மட்டும் சொல்லமாட்டாள்.

"என்ன காரியம் பண்றீங்க மிஸ் லோரிமர்? அப்படியே குடுத்தா ஒரு பொண்ணு ராணி மாதிரி போட்டுக்கிட்டுப் போவாளே."

"அதுதான் வேண்டாங்கறேன்."

தலை நிமிரவில்லை. நரித்தோலைப் பிய்த்துத் தனியே போட்டாள். பித்தளைப் பொத்தான்களும் போயின. மிச்சத் துணி சாயத் தொட்டிக்குப் போகிறதாம்.

இது முதல் தடவையும் இல்லை. பாதிரியார் மனைவியின் பூப்போட்ட சால்வை கருநீலமாகிவிட்டது. டாக்டர் வீட்டம்மாவின் மேலங்கி என்ன ஆனதென்றே தெரியவில்லை. பந்தடித்த கைக்குத் துணியின் அருமை எப்படித் தெரியும் என்று நிலையத்தின் கமிட்டிப் பெண்கள் டீ குடித்தபடி அலுத்துக்கொள்வார்கள்.

கிறிஸ்துமஸுக்கு முந்தைய ஞாயிறு, மிஸஸ் பெட்டிஃபர் சர்ச்சில் பிரசங்கத்தைக் கேட்கவில்லை. முன்னால் உட்கார்ந்திருந்த மில் பெண்களின் முதுகையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு வாசலில் நின்று, வெளியே வந்தவர்களை ஒவ்வொருத்தியாக அளந்தாள். எல்லோரும் வணக்கம் சொல்லிவிட்டுப் போனார்கள். கோட்டின் சுவடே இல்லை.

மறுநாள் கமிட்டிக் கூட்டத்தில் பொரிந்து தள்ளிவிட்டாள். கோட்டை லோரிமர் விற்றுத்தான் இருக்க வேண்டும். ஒழுங்கான பதில் வராவிட்டால் தானும் தன் புருஷனும் விலகிக்கொள்ளப்போவதாகச் சொன்னாள். அவள் புருஷன்தான் மில் முதலாளி. அவர் கைவிட்டால் நிலையத்தில் கணப்பு மூட்டக்கூட நிலக்கரி இருக்காது.

எல்லோரும் மிஸ் லோரிமரைப் பார்த்தார்கள்.

"விக்கலை. நேத்து சர்ச்சுக்கு ஒரு பொண்ணு அதைத்தான் போட்டுக்கிட்டு வந்தா."

"யார்கிட்ட கதை விடறீங்க? வாசல்ல நின்னு ஒவ்வொருத்தியா பார்த்தேன். என்னாலயே கண்டுபிடிக்க முடியலை."

"அதுக்குத்தான் வெட்டினேன்."

பெட்டிஃபர் அம்மாவுக்கு இன்னும் புரியவில்லை என்பது முகத்தில் தெரிந்தது. மிஸ் லோரிமர் சலிப்போடு ஒரு பெருமூச்சு விட்டாள். இத்தனை வருஷத்தில் முதல் முறையாகக் காரணம் சொன்னாள்.

"எங்கப்பா பள்ளிக்கூட வாத்தியார். நான் முதல் கோப்பைக்கு ஆடினப்போ, அவரால ஆட்டத்துக்கு வேண்டிய வெள்ளைப் பாவாடை வாங்கித் தர முடியலை. ஊர்ப் பெரிய வீட்டு அம்மா ஒண்ணு குடுத்தாங்க. நல்ல மனசுதான். ஃபைனல்ல ஜெயிச்சுட்டு, கோப்பையை வாங்க மேடை ஏறினேன். எல்லாரும் எழுந்து கை தட்டினாங்க. முன்வரிசையில இருந்த அந்தம்மா பக்கத்து ஆள்கிட்ட, எனக்கும் கேக்கற மாதிரி சொன்னாங்க: 'அந்தப் பாவாடை நான் குடுத்தது.'"