குப்பைச் சாக்கு

"நாற்பது மூட்டை. கால் முளைச்சு நடந்தா போச்சு?"

முதலாளி ஸ்டோர் கீப்பரைக் கேட்டார். மார்ச் நான்காம் தேதி, திங்கட்கிழமை காலை, வயர் கம்பெனியின் பின்கொட்டகையில் பிவிசி பவுடரை எண்ணிப் பார்த்தார்கள். அதுவரை ஓட்டிய வயரின் நீளத்துக்கு, முதலாளி போட்ட கணக்குப்படி இருக்க வேண்டியதைவிட நாற்பது மூட்டை குறைந்தது. கொட்டகைக்கு ஒரே சாவி. அது ஸ்டோர் கீப்பரின் பெல்ட்டில் தொங்கியது.

"வெள்ளிக்கிழமைக்குள்ள ஆளைக் காட்டு. இல்லைன்னா சாவியை வெச்சிட்டுக் கிளம்பு."

"பதினேழு வருஷமா இருக்கேன் சார்."

"அதனாலதான் நாலு நாள் தர்றேன்."

வயருக்கு மேல்தோல் கலக்கும் இடம் அந்தக் கொட்டகைதான். விலை கூடிய பிவிசி பவுடர், அது இளகி வளைய எண்ணெய், செலவைக் குறைக்கக் கொஞ்சம் சுண்ணாம்புக்கல் தூள். மூன்றையும் இயந்திரத்தில் போட்டுச் சூடாகச் சுழற்றிச் செம்புக் கம்பியின் மேல் போர்த்த அனுப்புவார்கள். உள்ளே போய்வருவது இரண்டே பேர். ஒருவர் ஸ்டோர் கீப்பர். அவர் எடுக்கவில்லை என்பது அவருக்கே நன்றாகத் தெரியும்.

மற்றவர், கலவை இயந்திரத்தை ஓட்டுபவர். புருவம், மீசை, காதுமடல் எல்லாம் வெளுத்து நிற்பதால் அவருக்கு 'மாவுமில்' என்று பெயர். சொந்தப் பெயர் சம்பளப் பட்டியலில் மட்டும்தான் இருந்தது.

செவ்வாய்க்கிழமை முழுக்க ஸ்டோர் கீப்பர் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். மாவுமில் போட்டிருந்த புதுச் செருப்புகூடத் திருட்டுச் செருப்பாகத் தெரிந்தது.

"என்னப்பா, செருப்பு பளபளங்குது? மாமனார் வீட்டுச் சீரா?"

"பழசு அறுந்துபோச்சுண்ணே. நடக்க ஒண்ணு வேணும்ல?"

பதில் ரொம்பச் சாதாரணமாக இருந்தது. அதுவே சந்தேகத்தைக் கூட்டியது.

புதன்கிழமை குப்பைச் சாக்கு கண்ணில் பட்டது. கொட்டகையைக் கூட்டிய குப்பையைச் சாக்கில் கட்டிப் பின்கேட்டுக்கு வெளியே உள்ள குழியில் கொட்டுவது மாவுமில்லின் வேலை. ஒரு சாக்கு நிறைய முன்பெல்லாம் இரண்டு நாளாகும். இப்போது ஒரே நாளில் மூன்று சாக்குகள் போயின. குப்பைச் சாக்குக்கு யார் இரட்டை முடிச்சுப் போடுவார்கள்?

"குப்பை ரொம்பப் பெருகிருச்சு போலிருக்கே?"

"தரை பழசுண்ணே. சிமெண்ட் உதிருது."

"உனக்கு மட்டும் உதிருதா?"

மாவுமில் சிரித்துவிட்டுக் கைவண்டியைத் தள்ளிக்கொண்டு போனார். ஸ்டோர் கீப்பர் தரையைக் குனிந்து பார்த்தார். சிமெண்ட் ஒரு கீறல் இல்லாமல் கிடந்தது.

வெள்ளிக்கிழமை மதியம் பின்கேட்டில் மூன்று பேர் காத்திருந்தார்கள்: முதலாளி, ஸ்டோர் கீப்பர், வாட்ச்மேன். கைவண்டி வந்தது. அதில் மூன்று சாக்குகள்.

"வண்டியை நிறுத்து," என்றார் முதலாளி. "அவிழ்த்துக் காட்டு."

மாவுமில் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். ஸ்டோர் கீப்பர்தான் முடிச்சைக் கத்தியால் அறுத்தார். உள்ளே ஒரு துரும்பு இல்லை, ஒரு செம்புத் துணுக்கு இல்லை. வெள்ளை வெளேரென்று தூள்.

"கையும் களவுமா மாட்டிக்கிட்டான் சார்!" நான்கு நாள் அடக்கி வைத்திருந்த மூச்சு ஸ்டோர் கீப்பரிடமிருந்து ஒன்றாக வெளியே வந்தது. "இதுக்காடா என்னைச் சந்தி சிரிக்க வெச்சே?"

"போலீசுக்கு போன் போடு," என்றார் முதலாளி.

"போடுங்க சார். அதுக்கு முன்னாடி லேப் அம்மாவைக் கூப்பிடுங்க," என்றார் மாவுமில்.

பரிசோதனைக் கூடத்திலிருந்து அந்த அம்மாள் சாப்பாட்டுக் கையைத் துடைத்தபடி ஒரு சின்ன பாட்டிலோடு வந்தார். ஒரு பிடி தூளை எடுத்துத் தகரமூடியில் போட்டு, அதன்மேல் நாலு சொட்டு ஆசிட் விட்டார். தூள் புஸ்ஸென்று நுரைத்துப் பொங்கியது.

"பிவிசி இப்படிப் பொங்காது. இது சுண்ணாம்புக் கல்தூள்."

மற்ற இரண்டு சாக்கிலும் எடுத்துப் பார்த்தார். இரண்டும் பொங்கின.

வாட்ச்மேனுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. "இதைத் திருடுறவனுக்கு நாமதான்யா கூலி குடுக்கணும்!"

முதலாளி சிரிக்கவில்லை. நுரையையே ஒரு நிமிடம் பார்த்தார். "சரி சரி, எல்லாரும் போய் வேலையைப் பாருங்க," என்று திரும்பி நடந்தார்.

ஸ்டோர் கீப்பர் மாவுமில்லின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"ரெண்டு பொண்ணு படிக்குதுப்பா எனக்கு. இன்னியோட வேலை போகப்போகுது. கல்தூளை என்னவோ பண்ணிக்க. என் பவுடர் எங்க?"

மாவுமில் முதலாளியின் முதுகைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

"நூறு கிலோ பவுடருக்கு முப்பது கிலோ கல்தூள் போட்டுட்டு இருந்தோம். இனிமே எண்பது போடு, வெளிய மூச்சு விடாதேன்னு ஜனவரியில முதலாளி என்னைத் தனியா கூப்பிட்டுச் சொன்னாரு. வீட்டுக்குள்ள ஓடுற வயர்ண்ணே. அவ்வளவு தூள் போட்டா மேல்தோல் ரெண்டு கோடைகூடத் தாங்காது, வெடிச்சுக் கம்பி வெளிய வந்துரும். நான் முப்பதையே போட்டு, மிச்சத்தைக் குழியில கொட்டினேன். அவரு எண்பதுக்குக் கணக்குப் போட்டாரு, அதான் நாற்பது மூட்டை குறையுது. உங்க பவுடரை யாரும் எடுக்கலை. அது அத்தனையும் வித்த வயர் மேலதான் இருக்கு."

அன்று மாலையே, கல்தூள் திருடியதாக மாவுமில் வேலையிலிருந்து நீக்கப்பட்டார். கடிதத்தில் சாட்சிக் கையெழுத்து ஸ்டோர் கீப்பருடையது.