ஆறுதல் சொல்லாத குடியிருப்பு

நினைப்பில் மகனின் கழுத்துவரை தண்ணீர் வந்தபோது மீட்டர் முள் நாற்பதைத் தொட்டது.

போதாது. இரண்டாம் மாடிக்கு நாற்பத்தைந்து வேண்டும்.

மூக்குவரை ஏற்றினாள்.

முள் நகர்ந்தது. மேலே, தவமணியின் குழந்தைக்கு மூச்சு கொடுக்கும் மெஷினின் சத்தம் சீரானது.

அவள் தலையில் மாட்டியிருந்ததற்குக் கம்பெனிக்காரர்கள் நீளமாக ஒரு பெயர் வைத்திருந்தார்கள். மீன் விற்ற பெண்களுக்கு அது கூடை. உள்ளே நினைப்பு போனால் வெளியே கரண்ட் வரும். கடலோரத்துக்குக் கம்பியில் கரண்ட் வருவது நின்று ஆறு வருஷமாகிறது. பதினாறு வீட்டுக்கு ஒரு கூடை என்று கொடுத்துவிட்டுப் போனார்கள்.

எல்லோரும் உட்கார்ந்து பார்த்தார்கள்.

புதுமாப்பிள்ளை உட்கார்ந்ததும் ஒரு பல்பு மினுக்கென்று எரிந்து, வெட்கப்பட்டு அணைந்தது. பக்திமான் ஒருவர் மூன்று மணி நேரம் நாமம் சொன்னார். ஃபேன் அரைச் சுற்று சுற்றியது. ஊர்த் தலைவர் தன்னைப் பற்றியே நினைத்தார். கூடை சூடானதுதான் மிச்சம்.

கவலைக்குத்தான் முள் ஏறியது. அதிலும் முடிவு தெரியாத கவலைக்கு.

தவமணியும் உட்கார்ந்தாள். பிள்ளை கண்ணெதிரே சிரிக்கிறதே, முள் பத்தோடு நின்றுவிட்டது.

இவளுடைய இளமாறன் கடலுக்குப் போய் நாற்பத்தோரு நாள். படகும் இல்லை, ஆளும் இல்லை. வருவானா, மாட்டானா. இரண்டுக்கும் நடுவில் பதினாறு வீட்டிலும் சோறு வெந்தது.

குளிக்கக் கொள்ள மட்டும் கூடையைக் கழற்றுவாள். பேட்டரி கால் மணி நேரம் தாங்கும். தூங்கும்போது கழற்றுவதில்லை. அவள் கனவுக்கும் வோல்டேஜ் இருந்தது.

குடியிருப்பில் ஒரு கட்டுப்பாடு உண்டு. எங்கும் எழுதி ஒட்டியதில்லை.

அவளுக்கு யாரும் ஆறுதல் சொல்லக் கூடாது.

முன்பு கூடையை மாட்டிக்கொண்டு அந்த நாற்காலியில் இருந்தவள் செண்பகம். புருஷனைக் கடலில் தொலைத்தவள். மூன்று மாதம் தெருவிளக்குகூட எரிந்தது. பிறகு ஒருநாள் உடல் கரை ஒதுங்கியது. செண்பகத்திடம் சொன்னார்கள். மார்பில் அடித்துக்கொண்டு அழுதாள். முள் பூஜ்யத்துக்கு வந்துவிட்டது. முடிந்துபோன துக்கம், எவ்வளவு பெரிதானாலும், ஒரு பல்பை எரிக்காது.

அன்று தவமணியின் குழந்தை நீலம் பாரித்து, மறுபிறவி எடுத்தது.

அதிலிருந்து நாற்காலியில் இருப்பவளிடம் யாரும் எதுவும் சொல்வதில்லை. நல்லது சொன்னாலும் குறையும், கெட்டது சொன்னாலும் குறையும். அவளுக்கும் அது தெரியும். சில நாள் கோபம் பொத்துக்கொண்டு வரும். கோபத்துக்கு முள் நாலு புள்ளி ஏறும். அதையும் எடுத்துக்கொள்வார்கள்.

இன்று காலையில் யாரோ வந்து ஜன்னலைச் சாத்திவிட்டுப் போனார்கள். வெயில் அடிக்கிறதாம்.

மூன்று மணிக்குத் தவமணி டீ கொண்டுவந்தாள். முகம் கழுவியிருந்தாள்.

"பாப்பா எப்புடி இருக்கு?"

"இப்பத்தான் முழிச்சுச் சிரிச்சிச்சு, அத்த."

குடித்து முடிக்கும்வரை நின்றாள். காலி டம்ளரை வாங்கிக்கொண்டாள். போய்விட்டாள்.

அவ்வளவுதான் நடந்தது.

நாற்பது நாளும் அவள் வாசலில் திரும்பி நின்று, 'போயிட்டு வரேன் அத்த' என்று சொல்லிவிட்டுத்தான் படியேறுவாள். இன்று சொல்லவில்லை.

சாவு வீட்டை விட்டுப் போகும்போதுதான் யாரும் அப்படிச் சொல்ல மாட்டார்கள்.

தவமணி தெரிந்து செய்யவில்லை. விஷயத்தைச் சொல்லிவிடக் கூடாது என்று வாயைக் கட்டிக்கொண்டு வந்தவள். வாசலைத் தாண்டும்போது பழக்கம் முந்திக்கொண்டது.

நாற்காலியில் இருந்தவளுக்குப் பயம் போய்விட்டது. அதுதான் கொடுமையாக இருந்தது. நாற்பத்தோரு நாளில் முதல்முறையாக, மகன் எங்கே இருக்கிறான் என்று அவளுக்குத் தெரிந்தது.

கரையில் இருக்கிறான். பொழுது சாய்வதற்குள் எடுத்துவிடுவார்கள்.

ஓட வேண்டும். அவன் தலையை மடியில் எடுத்துப் போட்டுக்கொண்டு, பெற்றவள் அழுகிற அழுகையை அழ வேண்டும். வேறொன்றும் வேண்டாம்.

முள் விழுந்தது.

முப்பது. பதினெட்டு. ஆறு.

மாடியில் பீப் பீப்பென்று மெஷின் கத்தியது. பேட்டரிக்கு மாறிவிட்டது.

படிக்கட்டில் காலடிகள் ஓடி வந்தன. கதவுக்கு வெளியே நின்றன. யாரும் உள்ளே வரவில்லை. வந்து என்ன சொல்வார்கள்.

கூடையின் வாரில் கை வைத்தாள். அவிழ்க்க ஒரு விநாடி போதும்.

மெஷின் கத்திக்கொண்டே இருந்தது. கதவுக்கு அந்தப் பக்கம் தவமணி விசும்பினாள். வாயைப் பொத்திக்கொண்டு விசும்பினாள்.

அவள் வாரிலிருந்து கையை எடுத்தாள். கண்ணை மூடினாள்.

தவமணி கையில் டம்ளர் வைத்திருந்தாள். பிள்ளையைத் தனியாக விட்டு வந்திருந்தாள். போகிற அவசரம்.

சொல்ல மறந்திருப்பாள்.

முள் அசைந்தது.

மறந்துதான் இருப்பாள். மனுஷிதானே.

ஒன்பது. பதினாறு. முப்பத்திரண்டு. நாற்பத்தைந்து.

மேலே கத்தல் நின்றது. மெஷின் மறுபடி சீராக மூச்சு விட்டது. வெளியே காலடிகள் ஒவ்வொன்றாகக் கலைந்தன.

கரைப் பக்கமிருந்து சங்குச் சத்தம் வந்தது.

யார் பெற்ற பிள்ளையோ, என்று நினைத்தாள்.