வாய்வார்த்தையில் கட்டிய கரை

“முருகா, யுகேந்திரன் ஜெயிச்சிரணும். தைப்பூசத்துக்குத் தேர் வர்ற வழியில மூட்டை மூட்டையாத் தேங்காய் உடைக்கிறேன்.”

வாய்க்குள் முணுமுணுத்தபடி கோர்ட்டுத் தாழ்வாரத்தில் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்துகொண்டிருந்தாள் லோகேஸ்வரி. காலையில் தண்ணீர்மலை முருகன் கோயிலில் வாங்கிய விபூதிப் பொட்டலம் கைவியர்வையில் நமுத்துப்போயிருந்தது. உள்ளே தீர்ப்பு வாசிக்கிறார்கள்; உட்கார்ந்து கேட்கத் தெம்பில்லாமல் வெளியே வந்துவிட்டாள்.

“உட்காரும்மா. நீ நடக்கிறதைப் பார்த்து எனக்குத் தலை சுத்துதுலா,” என்றாள் பெஞ்சில் இருந்த ஜெயலெட்சுமி. மகளின் விவாகரத்து வழக்குக்காக மாக் மண்டினிலிருந்து வந்தவள். கூப்பிடும்வரை பேச்சுத்துணைக்கு ஆள் தேடிக்கொண்டிருந்தாள். “என்ன கேஸு?”

“கான்ட்ராக்ட் கேஸுக்கா. கவர்மென்ட் பணம் தரல.” லோகேஸ்வரி பெஞ்சு நுனியில் ஒட்டிக்கொண்டாள். “தாசேக் கெலுகோர் பக்கம், முந்தின வருஷ மழையில ஆத்தங்கரை உடைஞ்சு பள்ளிக்கூடத்துக்குள்ள தண்ணி வந்திருச்சு. ‘உடனே கரையைக் கட்டுங்க, பேப்பர் பின்னால வரும்’னு எஞ்சினியர் போன்ல சொல்லி, யுகேந்திரனும் ராவும் பகலுமா நின்னு கட்டிட்டாரு.”

“பேப்பர் வரலையாக்கும்.”

“வரல. எழுத்துல உத்தரவு இல்லாம யார் கட்டச் சொன்னதுன்னு மேலிடத்துல கேக்குறாங்க. லோரியை பேங்க்குக்காரன் இழுத்துட்டுப் போயிட்டான். நகையெல்லாம் அடகுக் கடையில. இன்னிக்குத் தோத்தா வீடும் ஏலத்துக்குப் போயிரும்.”

ஜெயலெட்சுமிக்கு ரத்தம் கொதித்தது. “அந்த எஞ்சினியரு கட்டையில போக! கூண்டுல ஏறி, நான் சொல்லவே இல்லைன்னு சாதிச்சிருப்பானே?”

“இல்லக்கா. சொன்னது உண்மைதான்னு ஒத்துக்கிட்டாச்சு.”

“பெரிய உத்தமன்! அதை ஆபீஸ்லயே சொல்லித் தொலைச்சிருந்தா கோர்ட்டுவாசல் மிதிக்க வேண்டியதில்லையே?”

“அங்கயும் எழுதிக் கொடுத்தாச்சு. யாரும் காதுல போட்டுக்கல. கோர்ட்டு சொல்லாம அந்த ஆபீஸ்ல எவன் பேனாவும் அசையாதுக்கா. அதனாலதான் கேஸ் போடுங்கன்னு நானே சொன்னேன்.”

“ஜெயிச்சதும் ஜப்திக்காரனைக் கூட்டிட்டுப் போயி, அவனுங்க மேசை நாற்காலியெல்லாம் அள்ளிட்டு வந்துருங்க!”

அந்தப் பதற்றத்திலும் லோகேஸ்வரிக்குச் சிரிப்பு வந்தது. “கவர்மென்ட் சாமான்ல கைவைக்க முடியாதுக்கா. கோர்ட்டு ஒரு சர்டிபிகேட் கொடுக்கும். அதைக் காட்டினா பணத்தைக் கட்டியாகணும். அப்பவும் இழுத்தடிச்சா, கட்டச் சொல்லி அதிகாரிக்கு உத்தரவு போடுங்கன்னு திரும்ப இங்கயே வந்து கேக்கலாம்.”

“எல்லாத்தையும் கரைச்சுக் குடிச்சிருக்கியே!”

கதவு திறந்தது. கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்தபடி ஒருவர் தண்ணீர்க்குழாய்ப் பக்கம் நடந்தார். லோகேஸ்வரியைப் பார்த்தார், பார்க்காததுபோலத் தலையைக் குனிந்துகொண்டார். அவளும் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள். தண்ணீரைக் குடித்துவிட்டு அவர் மறுபடி உள்ளே போய்விட்டார்.

“யாரு அது?”

“அவருதான் யுகேந்திரன்.”

“ஏன், வீட்டுல சண்டையா? மூஞ்சிகொடுத்துப் பேச மாட்டேங்குறாரு?”

“கேஸ் முடியிறவரைக்கும் பேசிக்கக் கூடாதுன்னு வக்கீல் சொல்லியிருக்காங்கக்கா.”

“நல்ல வக்கீலு! இந்தக் காலத்துப் பிள்ளைங்க புருஷனைப் பேர் சொல்லித்தான் கூப்பிடுதுங்க. பேசக் கூடாதுன்னும் சட்டமா?”

லோகேஸ்வரி பதில் சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் கதவு மறுபடி திறந்தது. கறுப்பு அங்கியைக் கையில் மடித்துப் பிடித்தபடி வக்கீல் பிரஷாந்தி வந்தாள். முகம் தொங்கிப்போயிருந்தது.

“சாரி மேடம். நாம தோத்துட்டோம்.”

லோகேஸ்வரி அப்படியே பெஞ்சில் சரிந்து, இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டாள். விரலிடுக்கில் கண்ணீர் வழிந்தது.

“அழாதேம்மா! மேல்கோர்ட்டு இருக்குலா!” ஜெயலெட்சுமி அவள் தோளை இறுக்கிக்கொண்டாள். “உன் வயித்தெரிச்சல் சும்மா விடாது. அந்த எஞ்சினியரு நல்லாவே இருக்க மாட்டான், பாத்துக்கோ!”

அப்போதுதான் யுகேந்திரன் போனைக் காதில் வைத்தபடி வெளியே ஓடிவந்தார். அழுகையும் சிரிப்புமாகக் குரல் உடைந்தது.

“ஷர்மினி! ஜெயிச்சிட்டோம்மா! வட்டியோட கட்டச் சொல்லிட்டாங்க! உன் தாலிக்கொடியை முதல்ல மீட்டுருவோம். பிள்ளைங்ககிட்ட சொல்லு, வீடு எங்கயும் போகாது!”

பேசிக்கொண்டே லோகேஸ்வரியைப் பார்த்தவர் நின்றார். போன் பிடித்த கையோடு கை சேர்த்து, தூரத்திலிருந்தே ஒரு கும்பிடு போட்டுவிட்டுப் படியிறங்கினார்.

“மேலிடத்துல விளக்கம் கேட்டுக் கடிதம் வரும் மேடம். வேலை மாத்தினாலும் மாத்துவாங்க,” என்றாள் பிரஷாந்தி மெல்ல.

“வரட்டும்லா,” என்றாள் லோகேஸ்வரி, கண்ணைத் துடைத்தபடி.

ஜெயலெட்சுமி படியைப் பார்த்தாள், வக்கீலைப் பார்த்தாள், தோளிலிருந்த தன் கையை மெதுவாக எடுத்தாள். “அவரு பொண்டாட்டி போன்ல இருக்கா. அவரு ஜெயிச்சா நீ தோக்குற. நீ யாரும்மா?”

நமுத்த பொட்டலத்தைப் பிரித்து, நெற்றி நிறைய விபூதியைப் பூசிக்கொண்டாள் லோகேஸ்வரி.

“இவ்வளவு நேரம் சாபம் விட்டீங்களேக்கா, அந்த எஞ்சினியர் நான்தான்.”