விரிப்பின் அடிப்பக்கம்

மேசை விரிப்பைப் பிரித்ததுமே அந்துருண்டை வாடை குப்பென்று ஏற, தாமரைச்செல்வி முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"கவுத்துப் போட்டுத் தேய்டி. முத்து மேல சூடு பட்டா உருகிடும்" என்று அடுப்படியிலிருந்து அம்மா குரல் கொடுத்தாள்.

தெரியாதா என்ன? அடியில் தடித்த துண்டு. அதன்மேல் பூவேலை கீழே போகும்படி கவிழ்த்த விரிப்பு. இஸ்திரிப் பெட்டியை இழுக்கக் கூடாது, ஒற்றி ஒற்றி எடுக்க வேண்டும். இழுத்தால் லேஸ் கிழிந்துவிடும்.

வெள்ளைத் துணியில் வெள்ளை நூல் பூக்கள், ஒவ்வொரு பூவின் நடுவிலும் ஒரு குட்டி முத்து. நாலு பக்கமும் தரையைத் தொடுகிற லேஸ். அம்மாவின் அண்ணன் முருகையன், பிரெஞ்சு ராணுவத்தில் இருந்தவர், பாரீஸிலிருந்து கொண்டுவந்து கொடுத்தது. கருவடிக்குப்பத்திலேயே இப்படி ஒன்று யார் வீட்டிலும் கிடையாது என்பதில் அம்மா செல்வாம்பாளுக்கு அத்தனை பெருமை. பச்சைத் தண்ணீரில் ஷாம்பு கரைத்து முக்கியெடுப்பாள், பிழியவே மாட்டாள். நிழலில்தான் உலர்த்துவாள். மடித்தால் நூல் விட்டுப்போகும் என்று பழைய வேட்டியில் சுருட்டி வைப்பாள்.

பெற்ற மகளைக்கூட அவள் அப்படிப் பார்த்துக்கொண்டதில்லை.

ஒரு மூலையில் பழுப்பாக ஒரு கறை. மாமா வாய் துடைத்த இடம். எலுமிச்சை, உப்பு, சோடா மாவு, எதற்கும் போகவில்லை. தாமரைச்செல்வி அந்த இடத்தைத் தொடாமல் சுற்றித் தேய்த்தாள். தேய்த்து முடித்ததும் கையை இரண்டு தடவை சோப்புப் போட்டுக் கழுவினாள். அப்படியும் விரலில் அந்த வாடை இருந்தது.

"விருந்தாளி வராங்க, வந்து கொஞ்சம் ஒத்தாசை பண்ணு, பாப்பாவையும் கூட்டிட்டு வா" என்றுதான் நேற்று போனில் அம்மா சொன்னாள். யார் என்று சொல்லவில்லை. வந்த பிறகுதான் தெரிந்தது, இருபத்தாறு வருஷம் கழித்து முருகையன் மாமா வருகிறார் என்று.

விரிப்பைப் போட்டுவிட்டு, அவர் வருவதற்குள் கிளம்பிவிட வேண்டும். காலையிலிருந்து அது ஒன்றுதான் அவள் நினைப்பு.

"காலாப்பட்டு தாண்டிட்டாராம்!" அம்மா கையில் போனோடு ஓடிவந்தாள். மேசையை ஒரு சுற்றுச் சுற்றி, லேஸை நாலு பக்கமும் சரியாக இழுத்துவிட்டாள். தட்டுகளை அடுக்கினாள். கூடத்தில் செல்போனில் கார்ட்டூன் பார்த்துக்கொண்டிருந்த பேத்தியைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தாள்.

"இலக்கியாவ அண்ணன் பக்கத்துல உக்கார வச்சிடு. கொழந்தைங்கன்னா அவருக்கு உசுரு."

இலக்கியாவுக்கு எட்டு வயது.

தாமரைச்செல்விக்கும் அப்போது எட்டு வயதுதான். இதே மேசை, இதே விரிப்பு. மாமா லீவில் வந்திருந்த அந்த மாதம் முழுக்க அவர் பக்கத்து நாற்காலிதான் அவளுக்கு. விரிப்புக்கு மேலே அவருடைய ஒரு கை சோறு பிசைந்துகொண்டிருக்கும். இன்னொரு கை விரிப்புக்கு அடியில் இருக்கும். எதிரே அம்மா நின்று மீன் குழம்பு ஊற்றிக்கொண்டிருப்பாள்.

தாமரைச்செல்வி ஸ்பூனைக் கீழே போடுவாள். எடுக்கிற சாக்கில் மேசைக்கடியில் போய், யாராவது கூப்பிடும்வரை வரமாட்டாள். அங்கிருந்து பார்த்தால் பூ தெரியாது. முடிச்சுகளும் நூல் நுனிகளும்தான் தெரியும்.

தாமரைச்செல்வி அலமாரியைத் திறந்து, துணி வெட்டும் கத்தரிக்கோலை எடுத்தாள்.

மேசை விளிம்போடு சேர்த்து வெட்டினாள். லேஸ் கொத்தாகத் தரையில் விழுந்தது. முத்துகள் தெறித்து அலமாரிக்கு அடியில் ஓடின. ஒரு பக்கம் முடித்து அடுத்த பக்கத்துக்குப் போனாள். மேசைக்கால்கள் ஒவ்வொன்றாக வெளியே தெரிந்தன.

"அய்யய்யோ! பைத்தியமாடி புடிச்சிருக்கு உனக்கு?" அடுப்படியிலிருந்து ஓடிவந்து அம்மா அவள் கையைப் பிடித்து இழுத்தாள்.

"கீழ தொங்கக் கூடாதும்மா."

அவ்வளவுதான் சொன்னாள்.

அம்மாவின் பிடி தளர்ந்தது. மெல்லக் குனிந்து, தரையில் கிடந்த முத்துகளைப் பொறுக்கி உள்ளங்கையில் சேர்த்தாள். நிமிராமலே, பக்கத்து வீட்டுக்குக் கேட்டுவிடக் கூடாது என்பதுபோலத் தணிந்த குரலில் கேட்டாள்.

"அதை நீ இன்னும் மறக்கலையா?"

தாமரைச்செல்வி கத்தரிக்கோலை மேசைமேல் வைத்தாள். "இலக்கியா, செருப்பப் போடு" என்றாள்.

ஸ்கூட்டர் தெரு முனையை எட்டியபோது ஒரு வெள்ளைக் கார் எதிரே வந்தது. உள்ளே யார் என்று அவள் பார்க்கவில்லை. மகளின் கை தன் இடுப்பைச் சுற்றி இருக்கிறதா என்று மட்டும் தொட்டுப் பார்த்துக்கொண்டாள்.

மெயின் ரோட்டுக்கு வரும்முன்பே வண்டியை ஓரங்கட்ட வேண்டியதாயிற்று. சாக்கடையோரம் குந்தி, குடல் வெளியே வருகிற மாதிரி வாந்தியெடுத்தாள். இலக்கியா பயந்துபோய் முதுகைத் தடவிக்கொடுத்தாள்.

"என்னம்மா சாப்ட்ட?"

தாமரைச்செல்வி முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டு, வந்த தெருவையே பார்த்தபடி நின்றாள்.

மறக்கலையா என்று அம்மா கேட்டாளே, அதை அவள் இன்றுவரை யாரிடமும் சொன்னதில்லை. அம்மாவிடமும்தான்.