பிப்பைச் சுற்றிய மாடுகள்

அமெரிக்காவின் ஐடஹோ மலையிலிருந்து இறக்கிய மாடுகள் கம்பி வேலிக்குள் நிற்கின்றன. அக்டோபர் வெயில் அவற்றின் முதுகில் மஞ்சளாகக் கிடக்கிறது. அவற்றுக்கு நடுவே, இத்தனை வருடம் அவற்றை ஓட்டிய நாய் பிப், வயிற்றை மண்ணோடு ஒட்டிப் படுத்திருக்கிறது. அரசாங்கம் இந்த மலையில் கொண்டுவந்து விட்ட ஓநாய்கள் பெருகி, இந்தக் கோடையில் கன்றுகளைத் தின்றுவிட்டன. கன்றை இழந்த தாய்கள் தலையைத் தாழ்த்தி வட்டத்தை இறுக்குகின்றன. ஒன்றுகூடக் கத்தவில்லை. மூக்கில் மூச்சு மட்டும் புகைகிறது. “அதுங்களுக்கு இப்ப எல்லா நாயும் ஓநாய்தான்டா. உள்ள போகாத வெர்லின்,” என்று வேலிக்கு வெளியே நின்று தடுக்கிறாள் அக்கா நடீன். “கிறுக்கு மாடுங்க. கன்னா இருந்தப்ப இவன்தான்க்கா அதுங்க மூஞ்சிய நக்கிவிட்டான்!” “அப்ப போய் அதுங்களுக்கு ஞாபகப்படுத்து, கேட்டுக்கும்.” வெர்லின் கம்பிக்கடியில் நுழைகிறான். தோளால் முட்டி வழி பண்ணிக்கொண்டு போகிறான். மாடுகள் விலகுகின்றன. நடுங்கும் நாயை நெஞ்சோடு அள்ளித் தூக்குகிறான். அதன் மூத்திரம் அவன் சட்டையில் சூடாக இறங்குகிறது. திரும்புகிறான். வந்த வழி அடைபட்டிருக்கிறது. தாழ்ந்த தலைகளில் ஒன்றுகூட நிமிரவில்லை. அவன் கையால் பால் குடித்து வளர்ந்த மாடுகள், இப்போது அவனையும் அப்படித்தான் பார்க்கின்றன.